செங்கல் தூளும் போரிக் பவுடரும்

திருவொற்றியூரில் எங்கள் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு கேரம் கிளப் இருக்கிறது. கிளப் என்றதும் பெரிதாக எதையும் நினைத்துக்கொள்ள வேண்டாம். ஆஸ்பெஸ்டாஸ் கூரை, மூன்று போர்டு, ஒவ்வொரு போர்டுக்கும் மேலே தாழத் தொங்கும் ஒரு பல்பு, அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமை டோர்னமெண்ட் தொடங்கும் முன் ஒரு பையன் போரிக் பவுடரைச் சிட்டிகை எடுத்துப் போர்டின்மேல் தூவி, வட்டமாகத் தேய்த்துப் பரப்புவான். பவுடர் குறைந்தால் காயின் பாதி வழியில் நின்றுவிடும். கூடினால் ஸ்ட்ரைக்கர் சொன்ன பேச்சைக் கேட்காது. தூவுகிறவனின் விரலை ஆடுகிறவர்கள் இருவரும் கண் எடுக்காமல் பார்ப்பார்கள். ஆட்டம் அங்கேயே தொடங்கிவிடுகிறது.

களிமண் தரை டென்னிஸும் இப்படி ஒரு தூளை நம்பித்தான் நடக்கிறது. 'களிமண்' என்று நம் பத்திரிகைகள் எழுதுவது ஆங்கிலத்தில் இருப்பதை அப்படியே மாற்றியதால் வந்த வினை. நிஜக் களிமண்ணில் ஒருவர் சறுக்கிக்கொண்டு ஓடிப் பந்தை எடுக்க முயன்றால் ஷூவை அங்கேயே விட்டுவிட்டு வர வேண்டியிருக்கும். அங்கே இருப்பது நொறுக்கிச் சலித்த செங்கல். பிரெஞ்ச் ஓபன் நடக்கும் பாரிஸின் ரோலான் காரோஸ் ஆடுகளங்களில் அந்தச் செங்கல் தூள் ஒன்று அல்லது இரண்டு மில்லிமீட்டர் கனத்துக்கு மேல் இருப்பதில்லை. டி.வி.யில் பார்க்கும் அந்தச் செக்கச்செவேல் தரை வெறும் மேற்பூச்சு. அதற்குக் கீழே நொறுக்கிய சுண்ணாம்புக்கல், அதற்குக் கீழே நிலக்கரி எரிந்தபின் மிஞ்சும் கசடு, பிறகு சரளை, அடியில் பெருங்கற்கள். மேலே விழும் தண்ணீரைச் சுண்ணாம்புக்கல் பிடித்து வைக்கிறது. அதிகமாக வந்ததை நிலக்கரிக் கசடு வடித்துவிடுகிறது.

நிலக்கரிக் கசடு என்று படித்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது. எண்ணூருக்குப் பக்கத்தில் இருப்பவனுக்குச் சாம்பலைப் பற்றி யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. எண்ணூர் அனல்மின் நிலையம் 1970இல் ஓடத் தொடங்கி 2017இல் மூடப்பட்டது. வடசென்னை அனல்மின் நிலையத்தின் சாம்பல் இன்றும் கொசஸ்தலையாற்றின் கழிமுகத்தில் படிந்து கிடக்கிறது. சென்னைத் துறைமுகத்தில் நிலக்கரி இறக்கக் கூடாது என்று உயர் நீதிமன்றம் உத்தரவிட்டு, 2011இல் அந்தக் கப்பல்கள் எண்ணூர்த் துறைமுகத்துக்குத் திரும்பியபோது, ராயபுரத்தில் கொடியில் காயும் வெள்ளை வேட்டிகள் பிழைத்தன. கரி எங்கள் பக்கம் வந்தது. ஆக, ஒரு களிமண் ஆடுகளத்துக்கு வேண்டிய அடுக்குகளில் ஒன்றுக்காவது நாங்கள் பஞ்சப்பட வேண்டியதில்லை.

இந்தத் தூளை டென்னிஸுக்குக் கொண்டுவந்ததே வெயில்தான் என்று ஒரு கதை உண்டு. 1880 வாக்கில் ரென்ஷா சகோதரர்கள் என்ற ஆங்கிலேய ஆட்டக்காரர்கள் பிரான்ஸின் தென்கரையில், கான் நகரில் புல்தரை அமைத்துப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார்கள். வெயிலில் புல் கருகிற்று. பக்கத்து ஊரான வல்லோரிஸ் குயவர்களுக்குப் பெயர் போனது. அங்கே உடைந்து வீணான பானைகளைப் பொடித்து வாங்கிவந்து புல்லின்மேல் கொட்டினார்களாம். கருகும் புல்லுக்கு மாற்றாகப் பானை ஓட்டுத் தூள். இந்த யோசனை மதராஸில் யாருக்கேனும் வந்திருந்தாலும் பொருந்தித்தான் இருக்கும். இந்தியாவிலும் மண்தரையைச் சாணம் கரைத்து மெழுகி டென்னிஸ் ஆடிய காலம் ஒன்று இருந்தது. வாசல் தெளிக்கிற அதே கைவேலை.

தூள் செய்யும் வேலை இதுதான்: வேகமாக வரும் பந்து தரையில் மோதும்போது உதிரித் துகள்களைத் தனக்கு முன்னால் தள்ளி ஒரு சிறு வரப்பு கட்டிக்கொள்கிறது. அந்த வரப்பில் இடறி வேகத்தை இழக்கிறது, செங்குத்தாக எழும்புகிறது. சிமெண்ட் தரையில் எதிராளி எட்டவே முடியாத பந்து இங்கே இன்னொருமுறை திரும்பி வரும். ஒரே அடியில் புள்ளி முடிவதில்லை. ஆறடி நாலங்குலக்காரரின் சர்வீஸ் பாதி பல்லை இழந்துவிடும். குள்ளமானவருக்கும் பொறுமைசாலிக்கும் கால் பலம் உள்ளவருக்கும் வாய்ப்பு வரும். இன்னொன்று, பந்து விழுந்த இடத்தில் தடம் பதியும். ஆண்கள் தொழில்முறை டென்னிஸை நடத்தும் ஏ.டி.பி.யின் முதல்நிலைப் போட்டிகளில் 2025 முதல் கோட்டைப் பார்க்கும் வேலையை மின்னணுக் கண்களுக்குக் கொடுத்துவிட்டார்கள். கீழ்நிலைப் போட்டிகளில் இன்னும் நடுவர் உயர்ந்த நாற்காலியிலிருந்து இறங்கி வந்து, குனிந்து, தடத்தைச் சுற்றி விரலால் கோடு போட்டுக் காட்டுகிற காட்சியைப் பார்க்கலாம். தடயம் பார்க்கும் போலீஸ்காரர் போல. இரண்டு ஆட்டக்காரர்களும் தோளுக்கு மேலே எட்டிப் பார்ப்பார்கள்.

சென்னைக்காரர் ஒருவரின் வாழ்க்கை இப்படியொரு தூள் தரையில் திரும்பியது. பிரஜ்னேஷ் குணேஸ்வரன், 1989இல் சென்னையில் பிறந்தவர், இடது கைக்காரர். இருபதுகளின் நல்ல ஆண்டுகள் முழங்கால் எலும்பு விரிசல்களில் போயின. மற்றவர்கள் தரவரிசையில் ஏறிக்கொண்டிருந்தபோது இவர் கட்டுப்போட்டுக்கொண்டிருந்தார். ஜெர்மனியில் அலெக்சாண்டர் வாஸ்கேயின் அகாடமியில் மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். 2018 ஏப்ரல் தொடக்கத்தில் சீனாவின் தியான்ஜினில் டேவிஸ் கோப்பையின் கடைசி, முடிவு செய்யும் ஆட்டத்தில் வூ யிபிங்கைத் தோற்கடித்தார். சில வாரங்களில் அதே நாட்டின் யுன்னான் மாகாணத்தில் ஆன்னிங் என்ற ஊர், களிமண் தரை, இரண்டாம் நிலையான சேலஞ்சர் போட்டி. இறுதி ஆட்டத்தில் எகிப்தின் முகமது சஃப்வத்திடம் முதல் செட்டை விட்டுவிட்டு அடுத்த இரண்டையும் எடுத்தார். இருபத்தெட்டு வயதில் அவரது முதல் சேலஞ்சர் பட்டம். ஓராண்டில் உலகத் தரவரிசையில் 75ஆம் இடம். 2019இல் நான்கு கிராண்ட் ஸ்லாம்களிலும் பிரதானச் சுற்றில் ஆடினார், நான்கிலும் முதல் சுற்றிலேயே தோற்றார். 2024 நவம்பரில் ஓய்வு.

தோற்றார் என்று எழுதுவது எளிது. அந்த ஆண்டு ஆஸ்திரேலிய ஓபனில் முதல் சுற்றில் தோற்றவருக்கு 75,000 ஆஸ்திரேலிய டாலர் கிடைத்தது, நம் காசில் அப்போது முப்பத்தைந்து லட்சத்துக்கு மேல். ஏணியின் கீழ்ப்படியைப் பார்ப்போம். சர்வதேச டென்னிஸ் சம்மேளனம் நடத்தும் எம்-15 போட்டியின் மொத்தப் பரிசு 15,000 டாலர். முதல் சுற்றில் தோற்றால் 156 டாலர். வரி பிடித்தம் வேறு. ஐந்து ஆட்டம் தொடர்ந்து வென்று கோப்பையைத் தூக்குகிறவருக்கு 2,160 டாலரும் 15 தரவரிசைப் புள்ளிகளும். அரையிறுதிவரை வந்து தோற்றால் 4 புள்ளி. முதல் சுற்றில் தோற்றால் புள்ளி கிடையாது. இதற்கு மேலே எம்-25, அதற்கும் மேலே 50, 75, 100, 125, 175 என்று வென்றவர் பெறும் புள்ளிகளையே பெயராக வைத்திருக்கும் சேலஞ்சர்கள். அதற்கும் மேலேதான் நாம் டி.வி.யில் பார்க்கிற உலகம்.

2013ஆம் ஆண்டுக் கணக்கை வைத்து அந்தச் சம்மேளனமே ஓர் ஆய்வு செய்தது. தொழில்முறைப் போட்டிகளில் அந்த ஆண்டு ஆடியவர்கள் ஆணும் பெண்ணுமாகப் பதினாலாயிரம் பேர் அளவில். கிட்டத்தட்டப் பாதிப்பேர் ஒரு காசு பரிசு பார்க்கவில்லை. பயிற்சியாளர் செலவைச் சேர்க்காமலே ஓர் ஆண் ஆட்டக்காரருக்கு ஆண்டுக்கு 38,800 டாலர் பிடித்தது. வரவும் செலவும் சரிக்குச் சரியாக நின்ற இடம் ஆண்களில் 336ஆம் தரவரிசை. உலகத்தில் 337ஆவது சிறந்த வக்கீலோ கொத்தனாரோ கடனில் இருப்பார் என்று நான் நினைக்கவில்லை. 2024இல் ஏ.டி.பி. குறைந்தபட்ச வருமான உத்தரவாதம் ஒன்றைக் கொண்டுவந்தது: முதல் நூறு பேருக்கு 3,00,000 டாலர், 175 வரை 1,50,000, 250 வரை 75,000. இருநூற்று ஐம்பத்தொன்றாவது ஆளுக்கு ஒன்றுமில்லை. அவர் பழையபடி பஸ், ரயில், சிநேகிதர் வீட்டு சோபா.

சுமித் நாகலின் கதை இந்தக் கணக்குக்கு முகம் கொடுத்தது. 2023இல் ரோம், தாம்பெரே என்று இரண்டு சேலஞ்சர்களைக் களிமண்ணில் வென்றிருந்தார். அந்த ஆண்டு செப்டம்பரில் நிருபரிடம் தன் வங்கிக் கணக்கில் 900 யூரோ இருப்பதாகச் சொன்னார். இந்தியாவின் முதல் நிலை ஒற்றையர் ஆட்டக்காரர் அப்போது அவர்தான். 2024 பிப்ரவரியில் நுங்கம்பாக்கம் மைதானத்தில் லூக்கா நார்டியை 6-1, 6-4 என்று தோற்கடித்து சென்னை சேலஞ்சரை வென்று, 100 புள்ளிகளோடு உலகத்தின் முதல் நூறு பேருக்குள் நுழைந்தார். மறுநாள் பத்திரிகைகள் கோப்பையைப் போட்டன. 900 யூரோவை நினைவுபடுத்தியவர்கள் குறைவு.

கீழ்ப்படியில் பார்வையாளர் இல்லை, டி.வி. இல்லை என்றால் பணம் எங்கிருந்து வருகிறது? ஒரு பதில் சங்கடமானது. எம்-15 ஆட்டத்தில் நடுவர் ஒவ்வொரு புள்ளி முடிந்ததும் கையில் இருக்கும் டாப்லெட்டைத் தட்டுகிறார். அந்த எண்கள் உடனுக்குடன் ஒரு தரவு நிறுவனம் வழியாகச் சூதாட்டத் தளங்களுக்குப் போகின்றன. பத்துப் பேர்கூட உட்கார்ந்திராத ஆடுகளத்தின் ஸ்கோரை வைத்து எங்கோ யாரோ பந்தயம் கட்டிக்கொண்டிருப்பார். ஐந்து ஆட்டம் வென்று 2,160 டாலர் வாங்குகிறவனிடம், ஒரே ஒரு செட்டை விட்டுக்கொடுத்தால் அதைவிட அதிகம் தருகிறேன் என்று ஒருவர் வந்து நிற்பதற்கு இதைவிட வசதியான ஏற்பாடு தேவையில்லை. டென்னிஸில் ஆட்ட மோசடியை ஆராய்ந்து 2018இல் அறிக்கை வெளியிட்ட சுயேச்சைக் குழு மூவாயிரத்துச் சொச்சம் ஆட்டக்காரர்களைக் கேட்டது. 14.5 விழுக்காட்டினர் ஆட்ட மோசடியைப் பற்றி நேரடியாகத் தெரியும் என்றார்கள். கீழ்நிலைப் போட்டிகளின் ஸ்கோரை விற்பதை நிறுத்தச் சொன்னது அந்தக் குழு. பையன்களின் ஒழுக்கத்தைப் பற்றி உபந்நியாசம் செய்வதைவிட அந்த 156 டாலரைப் பேசுவதுதான் நேர்மை என்று எனக்குப் படுகிறது.

சென்னைக்கு வருவோம். நுங்கம்பாக்கம் மைதானம் 1995 தெற்காசிய விளையாட்டுப் போட்டிகளுக்காகக் கட்டப்பட்டது. தரை சிமெண்ட் அடித்தளத்தின்மேல் வண்ணப் பூச்சு. 1997இலிருந்து 2017 வரை ஆண்டுதோறும் ஏ.டி.பி. போட்டி நடந்தது. ராஃப்டர், மோயா, நடால், நான்குமுறை வென்ற வாவ்ரிங்கா என்று எல்லாரும் வந்துபோன இடம். பிறகு உரிமம் வைத்திருந்தவர்கள் அதைப் புனேவுக்குக் கொண்டுபோனார்கள். 2023க்குப் பிறகு அங்கிருந்தும் போய்விட்டது. நமக்கு மிஞ்சியது சேலஞ்சர். மிஞ்சியது என்று சொல்வதே பார்வையாளரின் பேச்சு. ஆட்டக்காரர் பக்கமிருந்து பார்த்தால், வாவ்ரிங்காவை ஒரு வாரம் தரிசித்ததைவிட ஒரு சேலஞ்சரால் உள்ளூர்ப் பையனுக்கு உபகாரம் அதிகம்.

ஆனால் அந்த உபகாரம் நான்கு வாரம்தான். 2024இல் சென்னை, அடுத்தடுத்த வாரங்களில் பெங்களூரு, புனே, டெல்லி. நான்கும் கடினத் தரை. மார்ச் முதல் வாரத்தோடு கடையைக் கட்டிவிட்டார்கள். அதற்குப் பிறகு ஐரோப்பாவில் களிமண் பருவம் தொடங்குகிறது. அந்தத் தரையில் ஓட, சறுக்க, பொறுக்க இங்கே கற்றுக்கொள்ள வழி குறைவு. பிரஜ்னேஷ் ஜெர்மனிக்குப் போனார். நாகல் ஜெர்மனியில் நென்செல் அகாடமிக்குப் போனார். இன்னொரு சென்னை ஆட்டக்காரரான ராம்குமார் ராமநாதன் பார்சிலோனாவுக்குப் போனார். மூவரும் செங்கல் தூளைத் தேடிப் போனவர்கள் என்று சொன்னால் முழுக்கத் தப்பாகாது.

களிமண் நமக்கு எதிராக ஆயுதமாகவும் வந்திருக்கிறது. 1987 டேவிஸ் கோப்பை இறுதிவரை விஜய் அமிர்தராஜும் ரமேஷ் கிருஷ்ணனும் இந்தியாவை இழுத்துவந்தார்கள், பெரும்பாலும் புல்லின் தயவில். இறுதி ஆட்டம் டிசம்பரில் ஸ்வீடனின் கோதன்பர்க்கில். பனிக்காலம். உள்ளரங்கத்துக்குள் களிமண் கொட்டித் தரை போட்டார்கள். ஐந்துக்கு ஐந்தும் ஸ்வீடனுக்கு. மதராஸ் தந்த இரண்டு மிக நல்ல கைகள் அங்கே வழுக்கின. அந்தத் தோல்விக்குப் பிறகாவது இங்கே நாலு களிமண் போட்டியை ஆண்டெல்லாம் நடத்துவோம் என்ற பேச்சு வலுத்திருக்க வேண்டும்.

நடத்துவது சுலபமில்லை என்பதையும் சொல்ல வேண்டும். வடகிழக்குப் பருவமழையில் ஒரே ராத்திரி பெய்தால் இரண்டு மில்லிமீட்டர் தூள் எந்தச் சாக்கடையில் போய்ச் சேரும் என்று சொல்ல முடியாது. சித்திரை வெயிலில் மணிக்கொருமுறை தண்ணீர் தெளிக்காவிட்டால் தூள் காற்றில் பறக்கும். ஈரத்தைப் பிடித்துவைக்கக் கால்சியம் குளோரைடு உப்பைத் தூவுகிற வழக்கம் உண்டு. ஒவ்வொரு செட்டுக்கும் பிறகு வலையை இழுத்துத் தரையை நிரவ வேண்டும், கோடுகளைத் துடைப்பத்தால் பெருக்க வேண்டும். சிமெண்ட் தரைக்கு இந்தச் சம்பளம் இல்லை, இந்தத் தண்ணீர் இல்லை. கணக்குப் போடுகிறவர் சிமெண்டைத்தான் எடுப்பார்.

கணக்கை வேறுவிதமாகப் போட்ட நாடு ஒன்று இருக்கிறது. இத்தாலி கடந்த சில ஆண்டுகளாக ஆண்டுக்கு இருபது வாக்கில் சேலஞ்சர்களை நடத்துகிறது, பெரும்பாலும் களிமண்ணில், பெரும்பாலும் நாம் பெயர்கூடக் கேள்விப்படாத சிற்றூர்களில். காரில் மூன்று மணி நேரம் போனால் அடுத்த போட்டி. தோற்றவன் வீட்டுக்குப் போய் அம்மா சமைத்ததைச் சாப்பிட்டு, துணியைத் துவைத்துப்போட்டு, திங்கள்கிழமை அடுத்த ஊரில் நிற்கலாம். இத்தாலிக்காரரான யானிக் சின்னர் 2019 பிப்ரவரியில் பெர்காமோ சேலஞ்சரை வைல்டு கார்டில் நுழைந்து வென்றபோது அவருக்குப் பதினேழு வயது, தரவரிசை ஐந்நூறுக்கும் கீழே. அது உள்ளரங்கக் கடினத் தரை. என் வாதத்துக்கு அதனால் கெடுதல் இல்லை, ஏனென்றால் தரையைவிட நெருக்கம் முக்கியம் என்பதுதான் நான் சொல்ல வருவது. இத்தாலி 2023இலும் 2024இலும் டேவிஸ் கோப்பையை வென்றது.

இந்த நெருக்கம் வடசென்னைக்குப் புதிதல்ல. இங்கே கேரம் அப்படித்தான் வளர்ந்தது, குத்துச்சண்டை அப்படித்தான் வளர்ந்தது. சென்னையின் மரிய இருதயம் இரண்டுமுறை உலகச் சாம்பியனாகி, கேரத்துக்காக அர்ஜுனா விருது வாங்கினார். 2024 நவம்பரில் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வென்ற காசிமா புதுவண்ணாரப்பேட்டை ஆட்டோ ஓட்டுநரின் மகள், பதினேழு வயது. ஆச்சரியம் என்று எழுதினார்கள். எங்களுக்கு அதில் ஆச்சரியம் கம்மி. ஒரு வாரம் இந்தத் தெரு, மறுவாரம் அடுத்த தெரு என்று சில்லறைப் போட்டிகள் ஓயாமல் நடக்கிற இடத்தில், ஒரு பெண் பதினேழு வயதுக்குள் எத்தனை ஆட்டம் தோற்றிருப்பாள் என்று யோசித்துப் பாருங்கள். தோற்கக் கிடைக்கும் வாய்ப்புதான் பயிற்சி.

இதற்கு உடனே வருகிற மறுப்பும் நியாயமானது. கேரம் போர்டு இரண்டரை அடிக்கும் குறைந்த சதுரம். டென்னிஸ் ஆடுகளம், ஓடித் திரும்ப வேண்டிய சுற்றிடத்தையும் சேர்த்தால், 36 மீட்டருக்கு 18 மீட்டர். சென்னைக் கணக்கில் கிட்டத்தட்ட மூன்று கிரவுண்டு, ஆடுவது அதிகபட்சம் நாலு பேர். தண்டையார்பேட்டையில் மூன்று கிரவுண்டில் எத்தனை குடும்பம் குடியிருக்கிறது என்று எண்ணிப் பார்த்தவர்கள் டென்னிஸைப் பற்றிப் பேசத் தயங்குவார்கள். இடம் இல்லாமலும் இல்லை, சுவருக்கு அந்தப்பக்கம் இருக்கிறது. எம்.ஆர்.எஃப். 1946இல் திருவொற்றியூரில் பொம்மைப் பலூன் செய்யும் கொட்டகையாகத் தொடங்கியது, பின்னாளில் 1987இல் வேகப்பந்து வீச்சாளர்களுக்கென்று நகரின் இன்னொரு மூலையில் ஒரு பயிற்சிக்கூடமே வைத்தது. ராயல் என்ஃபீல்டும் அசோக் லேலண்டும் இதே கரையில் பெரிய மதில்களுக்குள் வளர்ந்தவை. அந்த மதில்களை ஒட்டி நடந்து வளர்ந்த எங்களுக்கு டென்னிஸ் நுங்கம்பாக்கத்து ஆட்டம். ரயிலில் பீச் ஸ்டேஷன் போய், இறங்கி, வேறு வண்டி மாறிப் போக வேண்டிய ஆட்டம்.

2024 பிப்ரவரியில் ஒரு ஞாயிறு அப்படிப் போனேன். தகுதிச் சுற்று. பக்கத்து ஆடுகளத்தில் ஓர் ஐரோப்பியப் பையன் மூன்றாவது செட்டில் தோற்றுவிட்டு, படிக்கட்டில் உட்கார்ந்து ராக்கெட் கைப்பிடியில் சுற்றியிருந்த டேப்பை நகத்தால் மெதுவாக உரித்துக்கொண்டிருந்தான். ஒவ்வொரு சுற்றாக உரித்தான், அவசரமில்லாமல். பக்கத்தில் போன் திறந்து கிடந்தது. பெங்களூரு விமானக் கட்டணங்கள் தெரிந்தன. அங்கேயும் தோற்றால் புனே, புனேவிலும் தோற்றால் டெல்லி, அதற்குப் பிறகு அவன் ஊர், அங்கே களிமண். உள்ளூரில் தோற்றவனுக்கு டெல்லிக்குப் பிறகு என்ன என்று கேட்க எனக்கு யாரும் அகப்படவில்லை.

அந்த ஞாயிறு சாயங்காலம் கிளப்புக்குத் திரும்பியபோது காலிறுதி முடிந்திருந்தது. பவுடர் தூவுகிற பையனும் ஆடியிருக்கிறான், கடைசி போர்டில் ரெட்டைப் போட்டுவிட்டு ஃபாலோ போட முடியாமல் தோற்றிருக்கிறான்.

"என்ன தம்பி, போச்சா?"

"போச்சுண்ணே." வெள்ளையாயிருந்த விரல்களை லுங்கியில் துடைத்துக்கொண்டான். "வர்ற வாரம் காசிமேட்டுல இருக்குது. அடுத்த வாரம் தண்டையார்பேட்டை. சைக்கிள்லயே போய்டலாம்."